பதினொரு விளையாட்டுகள்

உடையார்கட்டிலிருந்து முதல் பஸ்ஸில் வந்திருந்தார்
தவமலர் அக்கா.
கிளிநொச்சிக் கச்சேரிக்கு எதிரே என் போட்டோக்கொப்பிக் கடை
அரைக் கதவுதான் திறந்திருந்தது.
குனிந்து உள்ளே வந்து
என் கைகால்களை ஒருமுறை பார்த்தார்.
"பிள்ளை, உனக்கு என்ன நடந்தது?"

பிறகு போனை நீட்டினார்.
இரவு இரண்டு பத்துக்கு
என் படம், என் பெயர்,
நான் எழுதாத வரி:
'சத்தியகலா உங்களிடம் ஓர் உயிர் கேட்கிறார்.'
கீழே ஒரு சின்னச் சிவப்பு இதயம் துடித்துக்கொண்டிருந்தது.
பக்கத்தில் 'அனுப்பு' என்றொரு பச்சைப் பெட்டி.
அக்கா அதை அமத்தியும் இருந்தார்.
"ஆபத்தெண்டால் முதல்ல குடுக்கவேணும்.
என்னத்துக்கெண்டு பிறகு கேக்கலாம்."

மிட்டாய் உடைக்கிற விளையாட்டு அது.
ஐந்து தரம் தோற்றால் உயிர் முடிந்துவிடும்,
கடன் கேட்கலாம், இல்லையென்றால் அரை மணித்தியாலம் பொறுக்கவேண்டும்.
தங்கையின் மகன் டிலக்சனுக்குப் பொறுக்கத் தெரியாது.
என் கணக்கிலிருந்து நூற்றெழுபது பேரிடம் கேட்டிருக்கிறான்.
வங்கி முகாமையாளரிடம், பங்குத்தந்தையிடம்,
என்னைப் பார்த்துப்போய் இன்னும் பதில் சொல்லாத
புதுக்குடியிருப்பு வீட்டாரிடம்.
விதானையார் மட்டும் எழுத்தில் பதில் தந்திருந்தார்:
'உரிய படிவத்தில் விண்ணப்பிக்கவும்.'
அக்கா அனுப்பிய உயிரை
விடியமுதலே தோற்றிருந்தான் பொடியன்.

அக்காவைக் கதிரையில் இருத்தி, பிளேன்ரீ சொல்லிவிட்டு
அமைப்புகளுக்குள் போனேன்,
அதற்குள் செயலிகள், அதற்குள் விளையாட்டுகள்.
ஒன்றென்று நினைத்தேன். பதினொன்று.
கத்தரித் தோட்டம் ஒன்று, எப்போதோ நானே நட்டு
தண்ணீர் விடாமல் போனது,
இரணைமடு வான் பாய்ந்தாலும் அதற்கு எட்டாது.
போன பிறவியில் நான் எகிப்து ராணி என்று சொன்ன ஒன்று
(நம்பவில்லை, ஆனால் பகிர்ந்திருக்கிறேன்).
சீட்டு, முதலை, பாம்பு,
பெயரே வாசிக்கமுடியாத எழுத்தில் இரண்டு.

நீக்கு.
உறுதியாகவா?
உறுதியாக.
'உங்கள் பெயரில் இட்டவற்றையும் அழிக்கவா?'
அந்தச் சின்னச் சதுரத்தில் சரி போட மறந்தால்
விளையாட்டுப் போய்விடும்,
அது பேசியதெல்லாம் சுவரில் நிற்கும்.
முதல் மூன்றுக்கும் மறந்துபோனேன்.
திரும்பி வந்து, ஆண்டாண்டாய்க் கீழே இறங்கி
ஒவ்வொன்றாய்க் கையால் அழித்தேன்.
இனி எவரும் விளையாடக் கூப்பிடாதபடி
அழைப்புகளையும் தடுத்தேன்.

பதினொன்றும் போனபின்
அடியில், சாம்பல் எழுத்தில்:
'முன்னர் பெற்ற விபரங்கள் அவர்களிடம் தொடர்ந்தும் இருக்கலாம்.
அவற்றை அழிக்க அவர்களையே தொடர்புகொள்ளவும்.'

"என்ன விபரம்?"
"பேர், பிறந்த திகதி, படம்,
ஆர் ஆர் எனக்குத் தெரிஞ்ச ஆக்கள் எண்டு ஒரு பட்டியல்."
அக்கா ஒன்றும் சொல்லவில்லை.
ஆறிப்போன பிளேன்ரீயை
ஊதி ஊதிக் குடித்தார்.

அக்காவுக்கு நான் இதுவரை அடித்துக் கொடுத்தவை
இருபத்தாறு மனுக்கள்.
ஆணைக்குழுவுக்கு, அது கலைந்தபின் வந்த ஆணைக்குழுவுக்கு,
அலுவலகங்களுக்கு, செஞ்சிலுவைக்கு.
ஒரே மகன், ஒரே படம்,
ஒரே வசனம்:
'தங்கள் பட்டியலில் பின்வரும் பெயர் உள்ளதா எனத்
தேடித் தருமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.'

அதே கோப்பைத்தான் திறந்தேன்.
முகவரியை மாற்றினேன், மகனின் பெயரை எடுத்து
என் பெயரைப் போட்டேன்.
'தேடி' இருந்த இடத்தில் 'அழித்து' என்று அடித்தேன்.
'மாண்புமிகு' தவறுதலாய் அப்படியே போய்விட்டது.

"இதுக்குப் பதில் வருமோ?"
"முப்பது நாளுக்குள்ள எண்டு போட்டிருக்கு, அக்கா."

கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, திரும்பப் போட்டு
திரைக்குக் கிட்ட வந்து
அந்த முப்பதைப் பார்த்தார்.

"நாள் குறிச்சிருக்கிறாங்கள்" என்றார்.
"நல்ல கொம்பனி போல."